கடைசிப் படியிலிருந்து

அண்மைக் காலமாக 'மீள்திறன்' என்னும் சொல் அடிக்கடி கண்ணில் படுகிறது. கருத்தரங்க அழைப்பிதழ்களில் வருகிறது. செய்தித்தாள்களின் இணைப்பிதழ்களில் வருகிறது. எங்கள் வீட்டுக்கு வரும் நண்பர்களின் பேச்சிலும் வந்துவிட்டது. முன்னறைச் சுவரில் வரிசையாக ஒட்டப்பட்டிருக்கும் பட அட்டைகளைச் சிறிது நேரம் பார்த்துவிட்டு, "உங்களுக்கு மீள்திறன் அதிகம்" என்று சொல்லி விடைபெறுவார்கள். நல்லெண்ணத்தோடு சொல்லப்படும் வார்த்தைதான். ஆயினும் அதைக் கேட்கும் ஒவ்வொரு முறையும் எங்களுக்குக் கூச்சமாக இருக்கிறது. அப்படியொரு திறன் எங்களிடம் இருந்ததாக நினைவில்லை. இருந்தவை ஒரு ஜெராக்ஸ் இயந்திரமும், ஒரு கைப்பேசியும், அதன் மறுமுனையில் பேசிய இரண்டு மனிதர்களும்தாம். அந்தக் கணக்கை உள்ளபடி எழுதிவைக்க வேண்டும் என்று நெடுநாளாக எண்ணிக்கொண்டிருந்தோம்.

நாங்கள் என்பது கணவனும் மனைவியும். கள்ளக்குறிச்சியில், வீட்டின் முன்னறையிலேயே ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறோம். விழுப்புரத்திலிருந்து பிரிந்து 2019 நவம்பரில் கள்ளக்குறிச்சி தனி மாவட்டமானபோது எங்களுக்குத் தெரிந்த மாற்றம், விண்ணப்பங்களுக்கு நகல் எடுக்க வருவோரின் கூட்டம் பெருகியதுதான். எங்களுக்கு ஒரே மகன், 2010இல் பிறந்தவன். நான்காம் வயதில் அவனுக்கு ஆட்டிசம் என்று மருத்துவர்கள் சொன்னார்கள். அவனிடம் சொற்கள் குறைவு. செவியோ மிகக் கூர்மை. பக்கத்து வீட்டுக் குக்கர் விசிலடிக்கப் போகிறது என்பதை எங்களுக்கு முன்பே அறிந்து காதைப் பொத்திக்கொள்வான். ஒரு நாளில் எதற்குப் பின் எது வரும் என்பது தெரிந்திருந்தால் அமைதியாக இருப்பான். வரிசை மாறினால் தரையில் விழுந்து கையைக் கடித்துக்கொள்வான். அவனைப் பொறுத்தவரை வரிசை என்பது நாம் நடக்கும் தரையைப் போன்றது.

*

2020 பொங்கல் கழிந்த சில நாட்களில், எங்களில் ஒருவர் பயணம் செய்த வேன், சேலம்–உளுந்தூர்ப்பேட்டை நெடுஞ்சாலையில் இரவு நேரத்தில் விபத்துக்குள்ளாயிற்று. பக்கத்து இருக்கையில் இருந்தவர் அங்கேயே இறந்துபோனார். எங்களவருக்குத் தோளில் நான்கு தையல்கள் மட்டுமே. பத்தாம் நாள் தையலைப் பிரித்தார்கள். பெரிய கண்டம் விலகியது என்று உறவினர்கள் பொங்கலிட்டார்கள். எல்லாம் முடிந்துவிட்டதாகவே நாங்களும் நினைத்தோம்.

முடியவில்லை. தூக்கம் போயிற்று. ஆம்புலன்ஸ் ஒலி தொலைவில் கேட்டாலே உடல் விறைத்து, அந்த வேனுக்குள்ளேயே மீண்டும் இருப்பதாக ஆகிவிடும். டீசல் வாடை வந்தால் வாந்தி வரும். வாகனம் எதிலும் ஏற மறுத்தார். இவற்றையெல்லாம் விடக் கொடியது, இருக்கை மாறி உட்கார்ந்திருந்தால் இறந்தவர் பிழைத்திருப்பாரே என்று நள்ளிரவில் மீண்டும் மீண்டும் கேட்ட கேள்வி.

அந்த வேனில் இருந்தவர் எங்களில் யார் என்பதை இங்கே எழுதப்போவதில்லை. ஊர் சிறியது, மனநோய் என்ற சொல் ஒருவர்மீது ஒட்டினால் எளிதில் உரியாது என்பது ஒரு காரணம். மற்றொரு காரணம், வீட்டில் ஒருவர் தூங்காமல் இருந்தால் மற்றவரும் தூங்குவதில்லை என்பது. நோய் ஒருவருடையது, வாழ்ந்தது இருவரும்தான்.

முதல் உலகப்போரில் பதுங்குகுழிகளிலிருந்து நடுக்கத்தோடு திரும்பிய படைவீரர்களுக்கு 'ஷெல் ஷாக்' என்று பெயரிட்டார்கள். வியட்நாம் போருக்குப் பின், 1980இல்தான் அமெரிக்க உளமருத்துவச் சங்கம் தன் மூன்றாம் கையேட்டில் இன்று வழங்கும் பி.டி.எஸ்.டி. என்னும் பெயரைச் சேர்த்தது. தமிழில் இதற்குப் பேரதிர்ச்சிக்குப் பிந்தைய மனவழுத்தக் கோளாறு என்று நீண்ட பெயர் சொல்கிறார்கள். எங்களுக்கு ஈழத்தவர் வழங்கும் 'மனவடு', 'நெருக்கீடு' என்னும் சொற்களே பொருத்தமாகப் படுகின்றன. யாழ்ப்பாணத்தில் உளமருத்துவராகவும் பேராசிரியராகவும் பணியாற்றிய தயா சோமசுந்தரம், போருக்குள் வாழ்ந்த தமிழர்களின் மனக்காயங்களைப் பற்றி 1998இல் ஆங்கிலத்தில் விரிவான நூல் எழுதினார். ஒருவருக்கு நேர்ந்த காயம் குடும்பத்தையும் ஊரையும் சேர்த்தே காயப்படுத்துகிறது என்பது அவர் பின்னரும் தொடர்ந்து வலியுறுத்திய கருத்து. புண் ஆறினாலும் வடு இருக்கும்; மழைக்காலத்தில் தினவெடுக்கும். எங்கள் வீட்டுக் கதையும் அதுவே.

*

மார்ச் மாதம் ஊரடங்கு வந்தது. மகன் சென்றுகொண்டிருந்த பகல்நேரப் பயிற்சி மையம் மூடப்பட்டது. தமிழ்நாட்டில் ஒன்றாம் வகுப்பு முதல் எட்டாம் வகுப்பு வரையிலான பிள்ளைகள் மீண்டும் பள்ளிக்குச் சென்றது 2021 நவம்பர் 1ஆம் நாள். இடையில் 19 மாதங்களுக்கு மேல் கழிந்தன. 2019 ஆகஸ்டில் தொடங்கப்பட்ட கல்வித் தொலைக்காட்சி, பாடங்களை ஒளிபரப்பிற்று. அக்கம்பக்கத்துப் பிள்ளைகள் கைப்பேசியில் வகுப்புக் கேட்டார்கள். எங்கள் மகனுக்கோ கைப்பேசி என்பது ஒரே ஒரு சலவைத்தூள் விளம்பரத்தை நாற்பது முறை பார்ப்பதற்கான பொருள். திரையில் தோன்றும் ஆசிரியை அவனுக்கு ஆசிரியை அல்லர். முதல் வாரம் அவர் முகம் தெரிந்ததும் கைப்பேசியைப் பிடுங்கிச் சுவரில் எறிந்தான். வீட்டில் இருந்த ஒரே நல்ல கைப்பேசி அது. திரையில் விழுந்த கீறலோடு அடுத்த இரண்டு ஆண்டுகளைக் கடத்தினோம்.

அந்தச் சிறப்பாசிரியை, மையத்தில் அவனுக்குக் கற்பித்தவர்தான். எறிந்த ஓசையை மறுமுனையில் கேட்டிருக்கிறார். அடுத்த நாள் அழைத்தபோது, "அக்கா, அண்ணா, இனிமே தம்பிகிட்ட போனைக் குடுக்க வேண்டாம். நான் உங்களுக்குச் சொல்லித் தரேன். நீங்க அவனுக்குச் சொல்லிக் குடுங்க" என்றார். சிறப்புக் குழந்தைகளின் தொலைவழிக் கல்வி பற்றி எங்களுக்குத் தெரிந்த பாடங்களில் முதன்மையானது இதுவே. தொலைவிலிருந்து வரும் பாடம், அருகில் இருக்கும் ஒருவரின் கைக்கு வந்து சேர்ந்த பிறகுதான் அந்தக் குழந்தையைத் தொடுகிறது.

அதன்பின் நாள்தோறும் காலை பத்து மணிக்கு அழைப்பு வரும். அவர் சொன்னபடி பட அட்டைகள் செய்தோம். பல்துலக்குவது, தோசை, குளியல், வண்ணம் தீட்டுவது, செடிக்குத் தண்ணீர் ஊற்றுவது என்று மொத்தம் பதினொன்று. அவனுடைய பல்குச்சியை, அவனுடைய தட்டை, அவனுடைய வாளியைப் படமெடுத்து, அச்சிட்டு, லேமினேஷன் செய்தோம். கடை மூடியிருந்தது, இயந்திரம் வீட்டில் இருந்தது. ஒரு வேலை முடிந்ததும் அதன் அட்டையை எடுத்து ஒரு சத்துமாவு டப்பாவில் போட வேண்டும். டப்பாவின்மேல் 'முடிந்தது' என்று எழுதினோம். அந்தச் சொல்லை அவன் படிக்க மாட்டான். அட்டை உள்ளே விழும் ஓசை அவனுக்கு விளங்கும்.

ஆசிரியை சொல்லித் தந்தவற்றில் எங்களை வியக்கவைத்தது, கடைசிப் படியிலிருந்து கற்பிக்கும் முறை. சட்டை மாட்டுவதை எடுத்துக்கொள்வோம். கையை நுழைப்பதிலிருந்து தொடங்குவதே வழக்கம். குழந்தை முதற்படியிலேயே திணறும், அழும், மிச்சத்தை நாம் செய்து முடிப்போம். தோல்வி அவனுடையது, முடித்த நிறைவு நம்முடையது என்றாகிவிடும். இந்த முறையில் எல்லாவற்றையும் நாம் செய்துவிட்டு, கடைசிப் பித்தானை மட்டும் அவனிடம் விட வேண்டும். அவன் அதைப் போட்டதும் சட்டை போட்டாயிற்று. அட்டை டப்பாவில் விழும். அது கைவந்த பிறகு கடைசி இரண்டு பித்தான்கள். அப்படியே பின்னோக்கி நகர்ந்து, ஒருநாள் கையை நுழைக்கும் முதற்படிக்கு வந்து சேர வேண்டும். எங்கள் மகன் அந்த முதற்படிக்கு வர ஏழு மாதங்களாயின. ஆனால் அந்த ஏழு மாதங்களில் ஒருநாள்கூட அவன் சட்டையை முடிக்காமல் விட்டதில்லை.

*

அதே கைப்பேசியில் மற்றொரு வகுப்பும் நடந்துகொண்டிருந்தது. 2020 மார்ச் 25ஆம் நாள் தொலைமருத்துவத்துக்கான நடைமுறை விதிகளை மத்திய அரசு வெளியிட்டது. தொலைபேசியிலும் காணொலியிலும் மருத்துவர்கள் ஆலோசனை வழங்க அது தெளிவான வழியைத் தந்தது. வேறோர் ஊரிலிருந்த உளமருத்துவர் ஒருவர், வியாழக்கிழமை மாலைகளில் எங்களவரோடு பேசத் தொடங்கினார். வாகனத்தில் ஏற முடியாத ஒருவருக்கு, வாகனத்தில் ஏறாமலே மருத்துவரைப் பார்க்க முடிந்தது அந்தக் கொடிய ஆண்டின் விந்தை. மாத்திரைகள் தந்தார். மெல்லப் பேசவைத்தார். அஞ்சி விலகும் ஒவ்வொரு முறையும் அச்சம் சற்று வளர்கிறது. ஆகவே அஞ்சியவற்றைச் சிறிய அளவுகளில், பாதுகாப்பாக, திரும்பத் திரும்பச் சந்திக்க வேண்டும் என்று விளக்கினார்.

சொல்வது எளிது. செப்டம்பரில் பேருந்துகள் மீண்டும் ஓடத் தொடங்கின. ஒரு பேருந்தில் ஏறி ஒரே ஒரு நிறுத்தம் சென்று திரும்ப வேண்டும் என்பது அவ்வாரத்துப் பாடம். நான்கு முறை முயன்றோம். பேருந்து நிலையத்தின் வாயிலிலேயே கால்கள் நின்றுவிடும். வீட்டை விட்டுப் புறப்படுகிற பேருந்து அது. எங்கே போய் முடியும் என்ற கலக்கம் உள்ளே ஏறும் முன்பே தொடங்கிவிடும். நான்காம் முறை திரும்பி வந்தபோது மகன் சட்டையின் கடைசி மூன்று பித்தான்களோடு போராடிக்கொண்டிருந்தான். அவனைப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் எங்களுக்குத் தோன்றிற்று. கடைசிப் படியிலிருந்து ஏன் தொடங்கக்கூடாது?

அடுத்த நாள் எங்கள் வீட்டு நிறுத்தத்துக்கு முந்தைய நிறுத்தம் வரை மூவரும் நடந்தே சென்றோம். அங்கிருந்து வீட்டை நோக்கி வரும் பேருந்தில் ஏறினோம். மூன்று நிமிடப் பயணம். இறங்கினால் வீடு. எங்களவர் கம்பியை இறுகப் பற்றிக்கொண்டு கண்ணை மூடியிருந்தார். ஆனால் வந்து சேர்ந்துவிட்டார். உளமருத்துவரிடம் சொன்னோம். அவர் சிறிது நேரம் பேசாமல் இருந்துவிட்டு, தொடர்ந்து செய்யுங்கள் என்றார். அதற்கும் ஓர் அட்டை செய்து மகனுடைய வரிசைக்குக் கீழே ஒட்டினோம். மகன் அதை மிகக் கவனமாகப் பார்த்தான். அன்றிலிருந்து, பேருந்து அட்டை டப்பாவில் விழாத நாளில் அவன் எங்களைத் தூங்க விடுவதில்லை.

*

ஜெராக்ஸ் இயந்திரம் சும்மா இருக்கவில்லை. கைப்பேசி இல்லாத பிள்ளைகளுக்காகப் பயிற்சித் தாள்களை நகலெடுக்க அந்தச் சிறப்பாசிரியை எங்களிடமே வருவார். பெரும்பாலான தாள்கள் கல்வராயன் மலைக்குச் சென்றன.

கிழக்குத் தொடர்ச்சி மலைகளின் ஒரு பகுதியான கல்வராயன் மலை, கள்ளக்குறிச்சி, சேலம் மாவட்டங்களில் பரந்து கிடக்கிறது. அங்கு வாழ்வோரில் பெரும்பான்மையினர் மலையாளிப் பழங்குடியினர். பெயரில் மலையாளம் இருந்தாலும் பேசுவது தமிழே. மலையை ஆள்பவர் என்று பொருள் சொல்வார்கள். ஆனால் மலையை ஆண்டவர்கள் வேறு. நாடு விடுதலையடைந்து ஒரு தலைமுறை கடந்த பிறகும் அங்கே ஜாகீர்தார் முறை நீடித்தது. ஜாகீர்தாரின் நிலத்தில் கூலியில்லாமல் உழைக்கும் கட்டாயம், நெருக்கடி நிலைக் காலத்தில் 1976இல் அரசு மலையைத் தன் ஆளுகைக்குக் கொண்டுவந்தபோதுதான் சட்டப்படி முடிவுக்கு வந்தது. அந்த மலையின் பாட்டிமார்களுக்கு அது பாடநூல் வரலாறு அன்று, சொந்த நினைவு.

2021 ஆகஸ்டில் ஆசிரியை, "தாள் எங்க போகுதுன்னு ஒரு தடவை வந்து பாருங்களேன்" என்று அழைத்தார். அதற்குள் எங்களவரின் பேருந்துப் பயணம், வீட்டிலிருந்து பின்னோக்கி நீண்டு நீண்டு கச்சிராயபாளையம் வரை எட்டியிருந்தது. இரண்டாம் அலையின்போது பேருந்துகள் நின்று, மீண்டும் முதலிலிருந்து தொடங்கியதும் அதில் அடக்கம். அன்று முதன்முறையாக வீட்டை விட்டுப் புறப்படும் பேருந்தில் ஏறினோம். கோமுகி அணையைக் கடந்து கொண்டையூசி வளைவுகள் தொடங்கியபோது எங்களவருக்கு வியர்த்துக் கொட்டிற்று. மகன் சன்னலோரத்தில் அமர்ந்து, பேருந்து அட்டையைக் கையிலேயே வைத்திருந்தான். கரியாலூரைத் தாண்டி வெள்ளிமலையில் இறங்கியபோது, மூவரில் அவன் ஒருவனே களைப்பில்லாமல் இருந்தான்.

அங்கிருந்து உள்ளே நடந்து சென்ற ஒரு சிற்றூரில், ஏழு வயதுப் பெண் குழந்தையைப் பார்த்தோம். பிறவியிலேயே பெருமூளை வாதம். நிமிர்ந்து உட்கார இயலாது. தாயும் தந்தையும் கேரளத்து மிளகுத் தோட்டத்துக்கு வேலைக்குப் போயிருந்தார்கள். பாட்டிதான் வளர்க்கிறார். கைப்பேசி அலைவரிசை கிடைக்க வேண்டுமானால் அரை மணி நேரம் நடந்து ஒரு பாறைமீது ஏற வேண்டும். அந்தக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு யார் ஏறுவது?

வீட்டு மூலையில் இருபுறமும் சாமை மூட்டைகளை அண்டக்கொடுத்து, நடுவில் குழந்தையை உட்காரவைத்திருந்தார் பாட்டி. நாங்கள் லேமினேஷன் செய்து அனுப்பிய படத்தாள்கள் கயிற்றில் தொங்கின. எழுத்துப் படிக்கத் தெரியாத பாட்டிக்காக ஆசிரியை ஒவ்வொரு பயிற்சியையும் படமாக வரைந்திருந்தார். கையை நீட்டி மடக்குவது பத்து முறை என்பதற்குப் பத்துப் புள்ளிகள். பாட்டி எண்ணிக்கைக்குக் கடுக்காய் வைத்திருந்தார். ஒருமுறை கையை நீட்டி மடக்கியதும் ஒரு கடுக்காயை ஒரு முறத்திலிருந்து மற்றொன்றுக்கு மாற்றுவார். ஒன்பது கடுக்காய்கள் மாறின. பத்தாவதைத் தொடாமல் கையைக் கட்டிக்கொண்டு காத்திருந்தார். குழந்தையின் விரல்கள் நடுங்கி நடுங்கி அதை நெருங்கின, தவறின, மீண்டும் நெருங்கின. நாங்கள் எல்லோரும் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தோம். பாட்டி மட்டும் சாதாரணமாக இருந்தார். கடுக்காய் உருண்டு அடுத்த முறத்தில் விழுந்ததும், "ஆச்சு கண்ணு" என்றார்.

"கடைசிக் காயை அவளுக்கு விடணும்னு நான் சொல்லித் தரலை" என்றார் ஆசிரியை, திரும்பும் வழியில். பாட்டியிடம் கேட்டபோது அவர் சொன்ன காரணம் எளிமையானது. முதல் காயிலேயே விட்டால் பிள்ளை சலித்துப்போகும். கடைசிக் காய் என்றால் முடிந்துவிடும் என்ற ஆசையில் கை நீளும்.

நாங்கள் எட்டு மாதங்கள் தடுமாறிக் கண்டெடுத்ததை, அவர் முறத்தைப் பார்த்துக்கொண்டே கண்டுபிடித்திருந்தார். அதைச் சொல்லி வியப்பதோடு நிறுத்திக்கொள்வது நேர்மையாகாது. அந்தக் குழந்தைக்கு அரசின் திட்டத்தில் இயன்முறைப் பயிற்சியும் வீட்டுவழிக் கல்வியும் உண்டு. ஆனால் சாலை முடியும் இடத்தில் திட்டமும் களைத்து நின்றுவிடுகிறது. பாட்டியின் உறுதியைப் புகழும்போது, சாலையும் அலைக்கோபுரமும் வந்துசேராததை நாம் மறந்துவிடக்கூடும். அந்தப் புகழ்ச்சியில் பாட்டிக்குக் கிடைப்பது ஒன்றுமில்லை.

*

2024 ஜூன் மாதத்தை எழுதாமல் இக்கட்டுரையை முடிக்க இயலாது. 18ஆம் நாள் கள்ளக்குறிச்சி நகரின் கருணாபுரத்தில் பாக்கெட் சாராயம் குடித்தவர்கள் மறுநாள் சாகத் தொடங்கினார்கள். சாராயத்தில் மெத்தனால் கலந்திருந்தது. மெத்தனால் உடலுக்குள் ஃபார்மிக் அமிலமாக மாறிப் பார்வை நரம்பைத் தாக்கும். பிழைத்தாலும் கண் போகலாம். கள்ளக்குறிச்சி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையிலிருந்து சேலத்துக்கும் விழுப்புரத்துக்கும் புதுச்சேரி ஜிப்மருக்கும் நோயாளிகளைக் கொண்டுபோனார்கள். மொத்தத்தில் 65க்கும் மேற்பட்டோர் இறந்தனர். கோமுகி ஆற்றங்கரையில் பல சிதைகள் ஒன்றாக எரிந்தன.

எங்கள் வீட்டில் அது ஒலியாக வந்தது. இரவும் பகலும் ஆம்புலன்ஸ். எங்களவர் நான்கு ஆண்டுகளாகச் சேர்த்துவைத்ததெல்லாம் இரண்டு நாட்களில் போயிற்று. 20ஆம் நாள் மாலை, ஜெராக்ஸ் இயந்திரத்துக்கும் சுவருக்கும் நடுவிலுள்ள இடுக்கில் உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. மற்றவர் அருகில் அமர்ந்திருந்தோம். மகன் இரு காதுகளையும் பொத்திக்கொண்டு அறைக்குள் சுற்றிச் சுற்றி நடந்தான். அன்று எந்த அட்டையும் டப்பாவுக்குப் போகவில்லை.

இரவு எட்டு மணி கடந்தது. கடையின் ஷட்டரை இறக்குவது அவன் வரிசையில் கடைசி அட்டை. நாங்கள் முக்கால்வாசி இறக்கிவிட்டு, தரையைத் தொடும் கடைசிச் சாணை அவனிடம் விடுவது வழக்கம். அவன் வந்து எங்களவரின் கையைப் பிடித்து இழுத்தான். காதிலிருந்து ஒரு கையை எடுத்தால்தான் இழுக்க முடியும், எடுத்திருந்தான். எழுந்திருக்காததால் இன்னும் ஓங்கி இழுத்தான். எழுந்தார். இருவரும் வாசலுக்குச் சென்றார்கள். எங்களவர் கொக்கியைப் பற்றி ஷட்டரை இறக்கினார். மகன் கடைசிச் சாணைக் காலால் அழுத்தி மூடினான். அட்டை டப்பாவில் விழுந்தது. வெளியே ஆம்புலன்ஸ் போய்க்கொண்டுதான் இருந்தது.

அதை ஆறுதல் என்று சொல்ல எங்களுக்கு ஆசைதான். உண்மையில் அவன் எங்களுக்கு ஆறுதல் சொல்ல வரவில்லை; அவனுடைய வரிசையில் ஒன்று விடுபட்டிருந்தது, அவ்வளவே. ஆனால் அந்த இரவில் எங்களுக்குப் பற்றிக்கொள்ள இருந்தது அந்த வரிசை ஒன்றுதான். மறுநாள் ஒரே ஓர் அட்டை. அதற்கு மறுநாள் கடைசி இரண்டு. மீண்டும் பின்னோக்கி நடக்கத் தொடங்கினோம். உளமருத்துவரை அழைத்தோம். 2022 அக்டோபரில் தொடங்கப்பட்ட டெலி-மானஸ் சேவையின் 14416 என்ற எண்ணையும் நள்ளிரவில் ஒருமுறை அழைத்தோம்.

அதற்கு அடுத்த வாரங்களில் கருணாபுரத்தார் எங்கள் கடைக்கு வந்தார்கள். இறந்தவர் குடும்பத்துக்கு அரசு 10 லட்சம் ரூபாய் அறிவித்திருந்தது. பெற்றோர் இருவரையும் இழந்த பிள்ளைகளின் பெயரில் 5 லட்சம் வைப்புத்தொகை, 18 வயது வரை மாதம் 5,000 ரூபாய், படிப்புச் செலவு. எல்லாவற்றுக்கும் நகல் வேண்டும். ஆதார், குடும்ப அட்டை, வங்கிக் கணக்குப் புத்தகம், இறப்புச் சான்றிதழ். பள்ளிச் சீருடையில் ஒரு பையன் வந்தான். உறையிலிருந்து இரண்டு சான்றிதழ்களை எடுத்து வைத்தான். "ரெண்டையும் ஒரே பேப்பர்ல எடுத்தா காசு கம்மியா ஆகுமாண்ணா?" என்று கேட்டான். காசு வேண்டாம் என்றோம். தனித்தனியாகவே எடுத்துக் கொடுத்தோம். இயந்திரத்தின் வெளிச்சம் இரண்டு முறை நகர்ந்து போனதை அவன் பார்த்துக்கொண்டிருந்தான்.

அதே ஆண்டு ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம், கல்வராயன் மலை மக்களின் வாழ்நிலை குறித்துத் தானாகவே முன்வந்து வழக்கு எடுத்தது. நவம்பரில் விஷச்சாராய வழக்கை மத்தியப் புலனாய்வுத் துறைக்கு மாற்றிற்று. சாலை, பள்ளி, மருத்துவம் என்று மலையின் குறைகள் நீதிமன்றத்தில் பேசப்பட்டன. நல்லதே. எங்கள் மனத்தில் நிற்பது வேறொரு கேள்வி. அந்தப் பையனை நாள்தோறும் பத்து மணிக்கு அழைப்பவர் யார்?

*

ஹவாய்த் தீவுகளில் ஒன்றான காவாயில் 1955இல் பிறந்த 698 குழந்தைகளை எம்மி வெர்னர் என்னும் உளவியலாளரும் அவருடன் பணியாற்றியோரும் பல பத்தாண்டுகள் தொடர்ந்து ஆராய்ந்தார்கள். வறுமையும் குடும்பச் சிதைவும் சூழ வளர்ந்தவர்களில் மூன்றில் ஒரு பங்கினர் நன்றாகவே தலையெடுத்தார்கள். அவர்களுக்குப் பொதுவாக அமைந்திருந்தவற்றுள் முதன்மையானது, மாறாமல் உடனிருந்த ஒரு மனிதர். பெற்றோராக இருக்க வேண்டும் என்பதில்லை. பாட்டியாக இருக்கலாம், ஆசிரியையாக இருக்கலாம். இதைப் படித்தபோது எங்களுக்கு முறத்துக்கு அருகில் கையைக் கட்டிக்கொண்டு காத்திருந்த அந்தப் பாட்டியின் முகம் நினைவுக்கு வந்தது.

ஆகவேதான் 'உங்களுக்கு மீள்திறன் அதிகம்' என்னும்போது கூசுகிறோம். எங்களுக்குள் விசேடமாக எதுவும் இல்லை. ஒருவர் பத்து மணிக்கு அழைத்தார். ஒருவர் வியாழன்தோறும் பேசினார். எட்டு மணிக்கு ஷட்டர் இறங்கியாக வேண்டும் என்று ஒருவன் கையைப் பிடித்து இழுத்தான். இவை தவறாமல் நடந்ததால் நாங்கள் இருக்கிறோம். இவை அமையாதவர் விழுந்துகிடந்தால், அவரிடம் திறன் குறைவு என்று சொல்வது அறமாகாது.

எங்களவருக்கு முழுதும் குணமாகிவிட்டதாகச் சொல்ல முடியாது. நெடுஞ்சாலையில் இரவுப் பயணம் இன்னும் இல்லை. மகன் வளர்ந்துவிட்டான், குரல் உடைந்துவிட்டது, சட்டையைத் தானே போட்டுக்கொள்கிறான். ஆசிரியை வேறு ஒன்றியத்துக்கு மாற்றலாகிப் போனாலும் ஞாயிற்றுக்கிழமைகளில் அழைக்கிறார். அந்தப் பையன் எப்போதாவது பள்ளிச் செயல்திட்டத்துக்குப் படம் அச்சிட வருவான். நாங்கள் எதையும் விசாரிப்பதில்லை. தாளை வாங்கிக்கொண்டு படியிறங்கும்போது, "அடுத்த வாரம் வருவியா தம்பி?" என்று மட்டும் கேட்போம். சென்ற முறை வந்தபோது எட்டு மணியாகிவிட்டது. மகன் ஷட்டரருகில் நின்று, அவன் வெளியேறுவதற்காகக் காத்திருந்தான். பையனுக்கு முதலில் விளங்கவில்லை. பிறகு புரிந்துகொண்டு, வெளியே போய் நின்று, கடைசிச் சாண் மூடும் வரை பார்த்துவிட்டுப் போனான்.